அலி நதீமும் நாராயண பிள்ளையும்

நாடகமாயினும் திரைப்படமாயினும் கதைத் தலைவரைப் பற்றி எழுதுவோர் பலர். அத்தலைவருக்குத் தேநீர் கொணர்ந்து வைத்துவிட்டு ஓரமாய் ஒதுங்கி நிற்பவரைப் பற்றி எழுதுவோர் மிகச் சிலர். ஆயினும் ஒரு சமூகம் மற்றொரு சமூகத்தைப் பற்றித் தன் உள்ளத்தில் என்ன எண்ணிக்கொண்டிருக்கிறது என்பதை அறிய விரும்புவோர் தலைவரைப் பார்த்துப் பயனில்லை; தேநீர் கொண்டுவருபவரைத்தான் பார்க்க வேண்டும். அவருக்கு என்ன பெயர் இட்டிருக்கிறார்கள், எந்த உடையை உடுத்தியிருக்கிறார்கள், எதைப் பேச விடுகிறார்கள், எந்த இடத்திலே அவரைப் பார்த்து நம்மைச் சிரிக்கச் சொல்கிறார்கள் என்பனவற்றிலே அச்சமூகத்தின் மனம் ஒளிவு மறைவின்றி வெளிப்பட்டுவிடும். ஆதலின் இத்திங்கள் துணைப் பாத்திரம் ஏற்கும் நடிகரைப் பற்றிச் சிறிது சிந்திக்க எண்ணினோம்.

இச்சிந்தனைக்கு வித்திட்டது ஒரு பழைய நிகழ்ச்சி. எண்பதுகளின் நடுப்பகுதி, இராயபுரத்திலே எங்கள் வீடு. துறைமுகத்தில் பாரந்தூக்கி இயக்கி ஓய்வு பெற்றிருந்த பெரியத்தாவும் எங்களோடு இருந்தார். சரக்குக் கப்பலிலே பணியாற்றி வந்த உறவினர் ஒருவர் சிங்கப்பூரிலிருந்து சில வீடியோ கேசட்டுகள் கொணர்ந்திருந்தார். மஃரிபு தொழுகைக்குப் பின் வீட்டார் அனைவரும் கூடத்திலே அமர்ந்தோம். ‘மைண்ட் யுவர் லாங்வேஜ்’ என்னும் ஆங்கில நகைச்சுவைத் தொடர் ஓடிற்று. அயல்நாட்டார் பலர் மாலை வகுப்பொன்றிலே ஆங்கிலம் பயில வருகிறார்கள். அவர்களுள் பாகிஸ்தானைச் சேர்ந்த அலி நதீம் என்பவர் ஒருவர். கேட்ட கேள்வியைத் தவறாகப் புரிந்துகொண்டு தவறான விடை பகர்வதே அவருக்கு இடப்பட்ட பணி. பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள், நாமும் சிரித்தோம். பெரியத்தா மட்டும் சிரிக்கவில்லை. கேசட்டு முடிந்ததும் மெல்லக் கேட்டார்: “ஏம்ப்பா, நம்ம பேரை வச்சிக்கிட்டு அந்தப் புள்ளை வந்து நிக்கிதே, அதுக்கு ஊடு வாசல் ஒண்ணும் கெடையாதா? அவன் உம்மா எங்கே, பொண்டாட்டி புள்ளைங்க எங்கே, ஒண்ணையும் காட்டலியே?”

அன்று அவ்வினாவுக்கு விடை கூற எங்களால் இயலவில்லை. பெரியத்தா மறைந்து பல்லாண்டுகள் ஆகிவிட்டன. திறனாய்வு நூல்கள் பல புரட்டிய பின்பும், ஒரு பாத்திரத்தை எடைபோட அவ்வினாவைக் காட்டிலும் நல்ல படிக்கல் எமக்குக் கிடைக்கவில்லை. ‘இவருக்கு வீடு உண்டா?’ என்று கேட்டுப் பார்த்தால் பாத்திரத்தின் தரம் விளங்கிவிடுகிறது.

அந்த அலி நதீமாக நடித்தவர் டினோ ஷஃபீக். 1930 இல் டாக்காவிலே பிறந்தவர். இங்கிலாந்திலே நடிப்புத் தொழிலை மேற்கொண்டவர். 1984 இல் காலமானவர். பிரிட்டிஷ் தொலைக்காட்சியிலே அவர் புகழ் பெற்றது இரண்டு தொடர்களால். ஒன்று, 1977 முதல் 1979 வரை இலண்டன் வீக்கெண்ட் தொலைக்காட்சி ஒளிபரப்பிய மேற்சொன்ன தொடர். மற்றொன்று, 1974 முதல் 1981 வரை பி.பி.சி. ஒளிபரப்பிய ‘இட் ஏய்ன்ட் ஹாஃப் ஹாட் மம்’. இரண்டாம் உலகப் போரின் இறுதிக் காலத்தில், மகாராட்டிரத்தின் தேவ்லாலி முகாமிலே இருந்த ஆங்கிலப் படைக் கலைக்குழுவைப் பற்றியது அக்கதை. அதிலே ஷஃபீக் ஏற்ற வேடம் முகாமில் தேநீர் விற்கும் முகம்மது. விசிறி இழுப்பவனுக்குப் பெயர் ரம்ஜான்! பெயர் சூட்டியவர்களின் சிந்தனை எவ்வளவு தூரம் சென்றது என்பதற்கு வேறு சான்று வேண்டுவதில்லை.

அத்தொடரிலே இந்தியர் என்ற வகையிலே முதன்மையான பாத்திரம் ரங்கி ராம் என்னும் பணியாள். அந்த வேடம் இந்தியர் எவருக்கும் அளிக்கப்படவில்லை. ஜான்சியிலே பிறந்த ஆங்கிலேயரான மைக்கேல் பேட்ஸ் முகத்திலே கருஞ்சாயம் பூசிக்கொண்டு அதனை ஏற்றார். வங்காளத்து மண்ணிலே பிறந்தவர் தேநீர்ப் பாத்திரத்தோடு பின்னே நிற்க, சாயம் பூசியவர் முன்னே நின்றார். ஆங்கிலேயர் இந்தியராகலாம், இந்தியத் துணைக்கண்டத்தார் ஆங்கிலேயராக இயலாது, அவர் முகம்மதாகவோ அலியாகவோதான் இருந்தாக வேண்டும். இதுவே அன்றைய பிரிட்டிஷ் தொலைக்காட்சியின் எழுதாச் சட்டம். அலி நதீமோடு ஓயாது சண்டையிடும் சீக்கியர் ரஞ்சித் சிங்காக நடித்த ஆல்பர்ட் மோசஸ், இலங்கையின் கம்பளையிலே பிறந்தவர் என்பதையும் இங்கே குறிக்கலாம். பழுப்பு நிறத்தவர் எவராயினும் ஒருவருக்கு ஒருவர் மாற்றாகலாம் என்பதே பாத்திரத் தேர்வாளர்களின் கணக்கு.

ஷஃபீக்கின் திறமையை நாம் குறைத்து மதிப்பிடவில்லை. வசனம் முடிந்து சிரிப்பு எழும் வரையில் பொறுத்து, அச்சிரிப்பு தணியும் தறுவாயிலே கண்களை மட்டும் அகல விரித்து மறுபடியும் ஒரு சிரிப்பை எழுப்பும் ஆற்றல் எல்லோருக்கும் வாய்ப்பதன்று. கொடுக்கப்பட்ட சிறிய இடத்திலே நேர்த்தியாக வேலை செய்த கைத்தொழிலாளர் அவர். குறை அவரிடத்தில் இல்லை. அந்த இடத்தின் அளவிலே இருக்கிறது. கதை பெரும்பாலும் வகுப்பறையின் நான்கு சுவருக்குள்ளேயே நடந்தது. பாடம் முடிந்தபின் அலி எங்கே போகிறார், எதை எண்ணி வருந்துகிறார் என்பதிலே எழுதியவர்களுக்கு அக்கறை இல்லை. அவருக்கு வீடு இல்லை.

இனி நம் நாட்டுக்கு வருவோம். தமிழ்த் திரையிலே துணைப் பாத்திரத்தையே வாழ்நாட் பணியாகக் கொண்ட முஸ்லிம் நடிகர் யார் என்று வினவினால், எவரும் தயக்கமின்றி நாசர் என்பர். 1958 இல் பிறந்தவர். செங்கற்பட்டுப் பகுதியைச் சேர்ந்தவர். திரைப்படக் கல்லூரியிலே முறையாக நடிப்புப் பயின்றவர். 1985 இல் கே. பாலசந்தரின் ‘கல்யாண அகதிகள்’ படத்தின் வாயிலாக அறிமுகமானார். நாற்பது ஆண்டுகளாகத் தமிழ், தெலுங்கு, மலையாளம், கன்னடம், இந்தி எனப் பல மொழிகளிலும் அவர் முகம் தென்பட்டு வருகிறது. 2015 இல் தென்னிந்திய நடிகர் சங்கத்தின் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். கதைத் தலைவர்கள் பலர் வீற்றிருந்த இருக்கையிலே ஒரு குணச்சித்திர நடிகர் அமர்ந்தது சிறிய செய்தி அன்று.

அவர் ஏற்ற வேடங்களைச் சற்றே வரிசைப்படுத்திப் பாருங்கள். ‘நாயகன்’ (1987) படத்திலே, தாம் தேடும் குற்றவாளி தம் மனைவியின் தந்தையே என்று அறிய நேரும் காவல்துறை அதிகாரி. ‘தேவர் மகன்’ (1992) படத்திலே பகை மூண்ட மாயத் தேவர். அதே ஆண்டு ‘ரோஜா’விலே இராணுவ அதிகாரி ராயப்பா. ‘மகளிர் மட்டும்’ (1994) படத்திலே பெண்களிடம் அத்துமீறும் மேலதிகாரி. ‘குருதிப்புனல்’ (1995) படத்திலே தீவிரவாதத் தலைவர் பத்ரி. ‘இருவர்’ (1997) படத்திலே அறிஞர் அண்ணாவை நினைவூட்டும் ஐயா வேலுத்தம்பி. ‘ஜீன்ஸ்’ (1998) படத்திலே இரட்டைச் சகோதரர்களான நாச்சியப்பனும் பேச்சியப்பனும். ‘அன்பே சிவம்’ (2003) படத்திலே சிவநாமத்தை உச்சரித்துக்கொண்டே தொழிலாளரை வஞ்சிக்கும் கந்தசாமிப் படையாட்சி. ‘எம் மகன்’ (2006) படத்திலே மகனை நிமிரவொட்டாத கண்டிப்பான தந்தை. ‘சைவம்’ (2014) படத்திலே செட்டிநாட்டுச் சிற்றூரின் பாட்டனார். ‘பாகுபலி’ (2015, 2017) படங்களிலே ஒரு கை முடங்கிய பிஜ்ஜலதேவர்.

இவர்களுள் ஒருவரும் முஸ்லிம் அல்லர் என்பதை வாசகர்கள் கவனித்திருப்பீர்கள். தேவராகவும் படையாட்சியாகவும் செட்டிநாட்டுப் பெரியவராகவும் ஒரு முஸ்லிம் நடிகர் வந்து நிற்கிறார். தமிழ் மக்கள் அவரை அவ்வாறே ஏற்றுக்கொள்கிறார்கள். திரையரங்கிலே அமர்ந்திருப்போரில் எவரும், ‘இவர் எப்படிச் சிவநாமம் சொல்லலாம்?’ என்று எழுந்து கேட்டதில்லை. டினோ ஷஃபீக்குக்கு இலண்டன் அளிக்க மறுத்த உரிமையை நாசருக்குத் தமிழகம் மனமுவந்து அளித்திருக்கிறது. தம் பிறப்பின் அடையாளத்துக்குள் அடைபடாமல் எந்த மனிதராகவும் ஆகலாம் என்பதே அவ்வுரிமை. இதனை நாம் நன்றியோடு குறிப்பிடக் கடமைப்பட்டிருக்கிறோம்.

நாசருடைய நடிப்பு முறையிலே ஒரு சிறப்பு உண்டு. அவர் தம் முகத்தை மறைக்க முயல்வதில்லை. நீண்டு கூர்த்த அந்த மூக்கும், ஆழ்ந்து ஒலிக்கும் அந்தக் குரலும் எல்லாப் படத்திலும் அவைதாம். மாறுவது நிற்கும் நிலையும் மூச்சின் அளவும். மாயத் தேவரிடத்திலே சினம் எந்நேரமும் தொண்டை வரையில் வந்து நிற்கும். ‘சைவம்’ பாட்டனாரிடத்திலே அது அடிவயிற்றிலே அடங்கிக் கிடக்கும். ‘எம் மகன்’ தந்தையின் கண்டிப்பிலே கொடுமையைக் காட்டிலும் அச்சமே மிகுதி. கடையும் குடும்பமும் தம் கையை விட்டுப் போய்விடுமோ என்னும் அச்சம். அதைக் கண்ட நம் வீட்டு இளைஞர்கள் பலர், ‘நம் அத்தாவைப் போலவே இருக்கிறார்’ என்று சொன்னதை நாம் கேட்டிருக்கிறோம். மதத்தைக் கடந்து ஒரு தந்தையை எல்லா வீட்டுக்கும் உரியவராக்குவது எளிய செயல் அன்று.

அவர் இயக்கிய முதற்படம் ‘அவதாரம்’ (1995). கூத்துக் குழுவிலே தமக்கு ஒரு வேடம் கிடைக்காதா என்று ஏங்கி நிற்கும் குப்புசாமி என்பவரின் கதை அது. இயக்கும் வாய்ப்புக் கிடைத்தபோது துணை நடிகர் ஒருவர் முதன்முதலாகச் சொல்ல விரும்பிய கதை, வேடத்துக்காகக் காத்திருப்பவரின் கதையாக இருந்தது இயல்பே.

ஆனால், மகிழ்ச்சியோடு மட்டும் இக்கட்டுரையை முடித்துவிட நம்மால் இயலவில்லை. காரணம் ‘பம்பாய்’ (1995).

அப்படத்திலே இரு தந்தையர். ஒருவர் நாராயண பிள்ளை, கதைத் தலைவனின் தந்தை. மற்றவர் செங்கல் சூளை நடத்தும் பஷீர், தலைவியின் தந்தை. நாராயண பிள்ளையாக நாசர் நடித்தார். பஷீராக, ‘கிட்டி’ என்று அறியப்பட்ட கிருஷ்ணமூர்த்தி நடித்தார். முஸ்லிம் நடிகர் இந்துத் தந்தையாகவும், இந்து நடிகர் முஸ்லிம் தந்தையாகவும் மாறி நின்றார்கள். அயோத்திக்கு அனுப்ப இராம நாமம் பொறித்த செங்கற்கள் வேண்டும் என்று பஷீரிடமே சென்று கேட்டுச் சீண்டுபவர் நாராயண பிள்ளை. அந்தச் சொற்கள் ஒரு முஸ்லிமின் நாவிலிருந்து வருகின்றன. அவற்றைக் கேட்டுக் கொதிக்கும் பஷீரின் முகம் ஓர் இந்துவின் முகம். பின்னர்ப் பேரக் குழந்தைகளின் பொருட்டுச் சண்டையிட்டும் சமாதானமாகியும் நெருங்கிவரும் அவ்விருவரும் பம்பாய்க் கலவரத் தீயிலே மடிகிறார்கள்.

இந்த இடமாற்றம் நல்ல சிந்தனை என்றே நாம் கருதுகிறோம். வசனங்கள் சொல்லாத ஒன்றை அது சொல்லாமல் சொல்கிறது: வேடத்தைக் களைந்தால் அவர் இவராகவும், இவர் அவராகவும் இருக்கிறார்கள். படத்தின் ஏனைய பகுதிகள் பற்றி நம் சமூகத்தார் பலருக்கு அன்றும் இன்றும் மாறுபட்ட கருத்து உண்டு; அது வேறு. இப்பாத்திரத் தேர்வு மட்டும் பாராட்டுக்குரியது.

ஆயினும், இங்கேதான் பெரியத்தாவின் வினா மீண்டும் எழுகிறது. நடிகராகிய நாசருக்கு எல்லா வீட்டுக் கதவும் திறந்தது. முஸ்லிம் பாத்திரத்துக்கு எத்தனை கதவுகள் திறந்தன?

‘பாவமன்னிப்பு’ (1961) வெளிவந்த காலத்தை எண்ணிப் பாருங்கள். முஸ்லிம் வீட்டிலே வளரும் ரஹீமாகச் சிவாஜி கணேசனும், அவரை வளர்க்கும் பெரியவர் இஸ்மாயீலாகச் சித்தூர் வி. நாகையாவும் நடித்தார்கள். பெருநாள் பாட்டிலே டி.எம். சௌந்தரராஜனோடு நாகூர் ஈ.எம். ஹனிபாவின் குரலும் ஒலித்தது. அந்த முஸ்லிம்கள் மிக நல்லவர்கள். சினமோ, சஞ்சலமோ, கடன் தொல்லையோ அறியாத நல்லவர்கள். குறை சொல்ல ஒன்றுமில்லை. எனினும், அத்தகைய அப்பழுக்கற்ற மனிதரை எந்த மஹல்லாவிலும் நாம் சந்தித்ததில்லை. முப்பது ஆண்டுகள் கழித்து ‘ரோஜா’ வந்தது. அதன்பின் துப்பாக்கி ஏந்திய முஸ்லிம் தமிழ்த் திரைக்குப் பழக்கமாகிவிட்டார். 2013 இல் ‘விஸ்வரூபம்’ படத்தை முன்னிட்டு முஸ்லிம் அமைப்புகள் எதிர்ப்புத் தெரிவித்ததும், தமிழகத்திலே அதன் வெளியீடு தள்ளிப்போய்ச் சில காட்சிகளின் ஒலி நீக்கப்பட்டபின் வெளியானதும் யாவரும் அறிந்ததே. ஒரு புறம் தேவதூதர், மறுபுறம் பயங்கரவாதி. இரண்டுக்கும் நடுவிலே, காலையில் எழுந்து வேலைக்குச் செல்லும் முஸ்லிமைத் தேடித்தான் பார்க்க வேண்டியிருக்கிறது.

இவ்விடத்திலே ‘அவ்வை சண்முகி’ (1996) படத்தை நினைவுகூர்வது பொருத்தம். அதிலே நாசர் பாஷாவாக வருகிறார். பிழைப்புக்காக ஐயர் வீட்டிலே சமையல் வேலைக்குச் சேர, தம்மை ஊமைப் பிராமணராகக் காட்டிக்கொள்கிறார். வாயைத் திறந்தால் பேச்சு காட்டிக்கொடுத்துவிடும், ஆதலால் ஊமை. இறுதியிலே அவர் தொழுகையே அவரைக் காட்டிக்கொடுக்கிறது. மக்கள் சிரிப்பதற்காக எழுதப்பட்ட பாத்திரம்தான். நாசரும் பேச்சின்றிக் கண்ணாலும் கையாலும் அச்சிரிப்பை வருவிக்கிறார். ஆனால், பெயரைச் சொன்னதும் ‘வீடு வாடகைக்கு இல்லை’ என்று கதவு சாத்தப்படும் அனுபவம் உடையவர்கள் அச்சிரிப்புக்கு அடியிலே ஒரு கசப்பை உணரத் தவற மாட்டார்கள். வேலை கிடைக்க வேண்டுமானால் பெயரை மறை, மொழியை மறை, தொழுகையை மறை. நகைச்சுவை என்னும் பெயரிலே தமிழ்த் திரை தன்னையறியாமல் உரைத்த உண்மைகளுள் இதுவும் ஒன்று. அலி நதீம் வாய் திறந்து நகைப்புக்கு இடமானார். பாஷா வாய் மூடி நகைப்புக்கு இடமானார். பாஷாவின் உம்மா யார், அவர் எந்தத் தெருவிலே பிறந்து வளர்ந்தார் என்பதிலே கதைக்கு அக்கறை இல்லை. அவருக்கும் வீடு இல்லை.

ஆகவே, நாம் சொல்ல விழைவது இதுதான்: தமிழ்த் திரை முஸ்லிம் நடிகருக்கு விடுதலை அளித்தது, முஸ்லிம் பாத்திரத்துக்கு அளிக்கவில்லை. முன்னதற்காக மகிழும்போது பின்னதை மறந்துவிடலாகாது. பின்னதற்காக வருந்தும்போது முன்னதை மறுப்பதும் நன்றியன்று.

‘படம் பார்ப்பதே தகாது என்னும் குடும்பங்கள் நம்மிடையே உள்ளன, அவர்களுக்கு இவ்வாராய்ச்சியால் என்ன பயன்?’ என்று சிலர் கேட்கலாம். அவர்களுடைய பேணுதலை நாம் மதிக்கிறோம். ஆனால், நாம் திரையைப் பார்க்காமல் இருக்கலாம். திரையிலே நம்மைப் பார்த்தவர்கள் நாளை நம் அண்டை வீட்டாராகவும், நம் பிள்ளைக்கு வேலை தரும் மேலாளராகவும் வருகிறார்கள். அவர்களுக்கு நம் வீட்டை அறிமுகப்படுத்துபவர் நாம் அல்லர், அந்தத் துணை நடிகர்தாம். கண்ணை மூடிக்கொள்வதனால் அந்த அறிமுகம் நின்றுவிடுவதில்லை.

இக்குறையை எங்கள் வடசென்னையார் இரட்டிப்பாக உணர்வார்கள். ஏனெனில், எங்கள் பகுதியே தமிழ்த் திரையிலே நெடுங்காலம் ஒரு துணை நடிகராகத்தான் இருந்து வந்தது. 1856 இல் தென்னகத்தின் முதல் இரயில் வண்டி புறப்பட்ட இராயபுரம், காசிமேட்டு மீன்பிடித் துறை, திருவொற்றியூர்த் தொழிற்சாலைகள், 2017 இல் மூடப்பட்ட பழைய எண்ணூர் அனல் மின் நிலையம் என்று நகரத்தின் உழைப்பெல்லாம் குவிந்த இடம் இது. திரையிலோ, அரிவாளைப் பின்புறம் செருகியவர்களும் அவர்களைத் துரத்தும் காவலரும் ஓடுவதற்கான சந்தாகவே இது காட்டப்பட்டது. அந்தப் படங்களை 2020 இல் மூடப்பட்ட தண்டையார்பேட்டை அகஸ்தியா திரையரங்கிலே இப்பகுதி மக்களே காசு கொடுத்துப் பார்த்தார்கள் என்பது நகைமுரண். ஊரும் வீடின்றி நின்றது.

அந்நிலையைச் சிறிதேனும் மாற்றிய படம் பா. இரஞ்சித்தின் ‘சார்பட்டா பரம்பரை’ (2021). எழுபதுகளின் வடசென்னைக் குத்துச்சண்டையைப் பொருளாகக் கொண்டது. அதிலே கபிலனாக வரும் ஆர்யா, நாசரைப் போலவே பிறப்பால் முஸ்லிம். ஆயினும், அப்படத்தைத் தோளிலே தாங்கியவர் துணைப் பாத்திரமான ரங்கன் வாத்தியார்தாம் என்போம். அவ்வேடத்தை ஏற்ற பசுபதி எங்கள் வண்ணாரப்பேட்டைக்காரர், ந. முத்துசாமி தோற்றுவித்த கூத்துப்பட்டறையிலே பல்லாண்டு பயின்றவர். ரங்கன் வாத்தியாருக்கு மனைவி உண்டு, மகன் உண்டு, கட்சி உண்டு, கொள்கை உண்டு. நெருக்கடி நிலைக் காலத்திலே சிறை செல்லும் துணிவு உண்டு. மகனை விட்டு மாணவனைத் தேர்ந்தெடுக்கும் நேர்மையும், அதனால் வீட்டிலே விளையும் மனக்கசப்பும் உண்டு. மிதிவண்டியின் பின்னிருக்கையிலே அவர் அமர்ந்து செல்லும் காட்சி ஒன்றே போதும்; ஓர் ஊரின் மிடுக்கு முழுவதும் அதிலே தெரியும். இதற்கு முன்னர் ‘மதராசபட்டினம்’ (2010) படத்திலே சலவைத் தொழிலாளரின் மல்யுத்த ஆசான் ஐயாக்கண்ணுவாக நாசர் வந்ததையும் இதனோடு சேர்த்து எண்ணலாம். இரண்டும் துணைப் பாத்திரங்களே. இரண்டும் வேர் உள்ளவை.

ரங்கன் வாத்தியார் ஏன் முழு மனிதராக அமைந்தார்? அப்படத்தை எழுதியவர்கள் அத்தகைய மனிதரின் வீட்டுக்குள் சென்று உட்கார்ந்து கேட்டிருக்கிறார்கள். இதிலே மந்திரம் ஒன்றும் இல்லை. பிரிட்டனிலும் இதுவே நிகழ்ந்தது. தேநீர் விற்கும் முகம்மதும் அலி நதீமும் மறைந்தபின், தொண்ணூறுகளின் இறுதியிலே சஞ்சீவ் பாஸ்கர், மீரா சயால் போன்றோர் தாங்களே எழுதித் தாங்களே நடித்து ‘குட்னஸ் கிரேஷியஸ் மீ’ தொடரைப் படைத்தார்கள். 2012 இல் ஆதில் ரே, பர்மிங்காமிலே வாழும் முஸ்லிம் குடும்பத்தை நடுவில் வைத்து ‘சிட்டிசன் கான்’ தொடரைத் தொடங்கினார். அத்தொடர் பற்றி அந்நாட்டு முஸ்லிம்களே குறை கூறியதும் உண்டு. கூறட்டும்! தந்தை, மனைவி, மகள்கள் எனக் குடும்பமே வந்து நின்று சண்டையிட்டுக்கொண்டதால் அல்லவா குறை கூற முடிந்தது? வீடு இருந்தால்தான் அதன் கூரை ஒழுகுகிறது என்றாவது சொல்லலாம்.

நம் மொழியிலே இலக்கியத் துறையினர் இப்பணியை முன்னரே செய்துவிட்டார்கள். ‘சாய்வு நாற்காலி’க்காக 1997 இல் சாகித்திய அகாதெமி விருது பெற்ற தோப்பில் முகமது மீரானும், ‘இரண்டாம் ஜாமங்களின் கதை’ எழுதிய சல்மாவும் நம் வீட்டின் அறைகளைத் திறந்து காட்டினார்கள். அங்கிருந்த ஒட்டடையையும் மறைக்கவில்லை. அவ்வீடுகளிலிருந்து ஒரு மனிதரேனும் திரைக்கு வந்து சேர்ந்தால், நாசர் போன்ற ஒரு நடிகருக்கு அது எத்தகைய விருந்தாக அமையும்! நாற்பது ஆண்டுகள் எல்லோருடைய தந்தையாகவும் நடித்த ஒருவர், சுபுஹு தொழுதுவிட்டுத் துறைமுக வாயிலிலே வரிசையில் நிற்கும் ஒரு தந்தையாக, மகளின் திருமணக் கடனை எண்ணிக் கணக்கிடும் ஒரு தந்தையாக, கோபக்காரராகவும் நல்லவராகவும் ஒருங்கே நடிப்பதை நாம் காண விரும்புகிறோம். அது துணைப் பாத்திரமாகவே இருக்கட்டும். பத்து நிமிடமே வரட்டும்.

அதனை எழுதித் தர வேண்டியவர் எங்கோ இல்லை. இவ்விதழைப் படிக்கும் இல்லங்களிலே கல்லூரி செல்லும் பிள்ளைகள் இருக்கிறார்கள். எழுத விரும்பும் பிள்ளையை, ‘இது எதற்கு உனக்கு?’ என்று தடுக்காதிருப்பதே பெற்றோர் செய்யத்தக்க பேருதவி. அப்பிள்ளைகளுக்கும் ஒரு சொல்: ஊரார் மெச்சும் நல்லவர்களைப் படைக்க முயலாதீர்கள், உங்கள் அத்தாவையும் பெரியம்மாவையும் உள்ளபடியே எழுதுங்கள். பாத்திரத்தை எழுதி முடித்ததும் ஒரு முறை கேட்டுப் பாருங்கள்: வேலை முடிந்து இவர் எங்கே போகிறார்? கதவைத் திறப்பவர் யார்?

இராயபுரத்துக் கூடத்திலே பெரியத்தா அதைத்தான் கேட்டார். எங்களுக்கு விடை தெரியவில்லை. பிள்ளைகள் எழுந்து அடுத்த கேசட்டைப் போட்டுவிட்டார்கள்.